மலை கடந்த தளபதி

தென் அமெரிக்காவின் மேற்கு ஓரமாக, வடக்கிலிருந்து தென்கோடி வரை நீண்டு கிடப்பது ஆண்டீஸ் மலைத்தொடர். அதன் கிழக்கே அர்ஜென்டினாவும், மேற்கே சிலியும் உள்ளன. பத்தொன்பதாம் நூற்றாண்டு பிறந்தபோது இவ்விரு நாடுகளும், வடக்கேயுள்ள பெருவும் ஸ்பெயின் மன்னனின் ஆட்சிக்கு உட்பட்டிருந்தன. அவ்வாட்சியை அகற்றும்பொருட்டு அம்மலையைப் படையுடன் கடந்தவர் ஹோசே டி சான் மார்ட்டின்.

இவர் 1778ஆம் ஆண்டில் யபேயு என்னும் சிற்றூரில் பிறந்தார். தந்தையார் ஸ்பானியப் படை அலுவலர். இளமையிலேயே பெற்றோருடன் ஸ்பெயினுக்குச் சென்ற சான் மார்ட்டின், பதினோராம் வயதில் அந்நாட்டுப் படையிற் சேர்ந்தார். இருபது ஆண்டுகளுக்கு மேல் அம்மன்னனுக்காகப் போர் புரிந்தார். 1808இல் நெப்போலியனின் படையைப் பைலேன் என்னுமிடத்தில் எதிர்த்து நின்று பதக்கமும் பெற்றார். எனினும், பிறந்த மண்ணில் விடுதலைக் கிளர்ச்சி தோன்றியபின் அவர் உள்ளம் அங்கு நிலைகொள்ளவில்லை. 1811இல் பதவியைத் துறந்தார். மறு ஆண்டு புவனோஸ் அயர்ஸ் நகரில் வந்திறங்கினார். ஸ்பானியச் சீருடையிலேயே வளர்ந்த அவரை ஐயுற்றோரும் அங்கு இருந்தனர். 1813இல் சான் லொரென்சோவில் நடந்த போர் அவ்வையத்தைப் போக்கியது. குதிரை வீழ்ந்து அதன்கீழ்ச் சிக்கிய சான் மார்ட்டினை, கப்ரால் என்னும் எளிய வீரன் தன் உயிரைக் கொடுத்துக் காத்தான்.

ஸ்பானிய வல்லமையின் நடுவிடம் பெருவின் தலைநகராகிய லீமா. அதனைத் தரைவழியே, வடக்கு மலைப்பகுதி வழியாகத் தாக்கச் சென்ற படைகள் மீண்டும் மீண்டும் தோற்றுத் திரும்பின. சான் மார்ட்டின் வேறு வழி எண்ணினார். முதலில் ஆண்டீஸைக் கடந்து சிலியை மீட்பது. பின்னர் அங்கிருந்து கடல்வழியாக லீமாவை அடைவது. இதன்பொருட்டு, 1814இல் மலையடிவாரத்து மெண்டோசா நகரில் ஆளுநர் பதவி ஏற்றார்.

போர்க்களத்தில் வென்றதைவிட மெண்டோசாவில் பொறுமையுடன் உழைத்ததே அவர்தம் பெருஞ்செயல் எனலாம். அங்குப் படையும் இல்லை, பணமும் இல்லை. லூயிஸ் பெல்த்ரான் என்னும் துறவி பட்டறை ஒன்றை நடத்தினார். ஆலய மணிகள் உட்படக் கிடைத்த உலோகத்தையெல்லாம் உருக்கிப் பீரங்கியும் குண்டும் வார்த்தார். ஆயிரக்கணக்கான லாடங்கள் அடிப்பித்தார். பெண்கள் அணிகலன்களை ஈந்தனர், சீருடைகள் தைத்தனர். அடிமைகளாயிருந்த கறுப்பின மக்கள், விடுதலை தரப்படும் என்ற உறுதிமொழியின்மேல் காலாட்படையிற் சேர்ந்தனர். அக்காலாட்படையின் பெரும்பகுதி அவர்களே. ஆயினும் போர் முடிந்து ஊர் திரும்பியோர் மிகச் சிலர். அவர்கள் பெயர்கள் பெரும்பாலும் ஏட்டில் ஏறவில்லை.

சூழ்ச்சியிலும் அவர் குறைந்தவரல்லர். நினைவாற்றல் மிக்க பொறியாளர் ஒருவரைத் தூதராக்கி, அர்ஜென்டினாவின் விடுதலைச் சாசனத்தின் படியுடன் நீண்ட மலைவழியே சிலிக்கு அனுப்பினார். சினமுற்ற ஸ்பானிய ஆளுநர் அச்சாசனத்தைத் தீயிலிட்டுத் தூதரைக் குறுக்கு வழியே விரட்டுவார் என்பது அவர் கணக்கு. அவ்வாறே நிகழ்ந்தது. இரு வழிகளையும் மனத்திற் பதித்துவந்த தூதர் அவற்றைப் படமாக வரைந்து கொடுத்தார்.

1817 சனவரியில் ஏறத்தாழ 5,000 பேர் ஆறு பிரிவுகளாகப் பிரிந்து ஆறு கணவாய்கள் வழியே புறப்பட்டனர். சில இடங்களில் பாதை 4,000 மீட்டருக்கு மேல் ஏறியது. பகலில் வெயில், இரவில் உறைபனி. மூச்சுத் திணறலுக்கு மருந்தாக வீரர்கள் வெங்காயமும் பூண்டும் தின்றனர். உலர்ந்த இறைச்சியை இடித்து, கொழுப்பும் மிளகாயும் கலந்து வெந்நீரில் கரைத்ததே உணவு. தளபதியோ குடற்புண்ணாலும் ஈளையாலும் வருந்தியவர். கோவேறு கழுதையின்மேல் அமர்ந்தே மலை ஏறினார். அழைத்துச்சென்ற 1,600 குதிரைகளுள் மறுபுறம் சேர்ந்தவை ஏறத்தாழ 500.

எந்தக் கணவாயைக் காப்பது என்றறியாத ஸ்பானியப் படை சிதறி நின்றது. பிப்ரவரி 12ஆம் நாள் சகாபூகோவில் அது தோற்றது. சிலியின் தலைமை தம்மைத் தேடிவந்தபோது சான் மார்ட்டின் மறுத்துவிட்டார். தோழர் ஓஹிகின்ஸ் அதனை ஏற்றார். சாந்தியாகோ நகரத்தார் அளித்த 10,000 பெசோவையும் நூலகம் அமைக்கத் திருப்பித் தந்தார். அடுத்த ஆண்டு இரவுத் தாக்குதலொன்றில் படை சிதறியது. எனினும் பதினேழு நாட்களுக்குள் அதனைத் திரட்டி, ஏப்ரல் 5ஆம் நாள் மைப்பூவில் வென்று சிலியின் விடுதலையை நிலைநாட்டினார். 1820இல் கப்பலேறினார், 1821 சூலை 28ஆம் நாள் லீமாவில் பெருவின் விடுதலையை அறிவித்தார்.

ஆயினும் பகைவரின் முதன்மைப் படை மலைநாட்டில் அழியாதிருந்தது. வடக்கிலிருந்து வெற்றியுடன் வந்த சிமோன் பொலிவாரை, 1822 சூலையில் குவாயகில் துறைமுகத்தில் சான் மார்ட்டின் சந்தித்தார். இருவரும் தனித்தே பேசினர். உடன் இருந்து கேட்டவர் எவருமிலர். இரவு விருந்தும் நடனமும் நடந்துகொண்டிருக்கையில், அவர் ஓசையின்றி வெளியேறிக் கப்பலேறினார். செப்டம்பர் 20ஆம் நாள் பெருவின் முதற் பேரவையைக் கூட்டி, ஆட்சிப் பொறுப்பை அதனிடம் ஒப்படைத்து, அன்றிரவே அந்நாட்டை நீங்கினார். எஞ்சிய போரைப் பொலிவாரின் படையினர் 1824இல் முடித்தனர்.

மனைவியை இழந்த சான் மார்ட்டின், தம் ஒரே மகளுடன் ஐரோப்பா சென்றார். 1829இல் தாயகம் காணும் ஆவலால் கப்பலில் புவனோஸ் அயர்ஸ் வரை வந்தார். அங்கு உள்நாட்டுப் போர் மூண்டிருந்தது. தம்கீழ்ப் போரிட்ட லவாயே என்பவரே ஒரு கட்சியின் தலைவராய் நின்று, ஆட்சியை ஏற்குமாறு அவரை அழைத்தார். உடன்பிறந்தார் குருதியில் வாள் நனைக்க விரும்பாத அவர், அந்நகரில் இறங்காமலே திரும்பினார். 1850இல் பிரான்சு நாட்டின் கடற்கரை நகராகிய பூலோனில் காலமானார். அவர்தம் உடல், முப்பது ஆண்டுகள் கழித்தே புவனோஸ் அயர்ஸ் வந்து சேர்ந்தது.