நில வழக்கை எந்தக் கோர்ட்டில் தாக்கல் செய்வது?

வரப்புத் தகராறு முற்றியதும் "கோர்ட்டில் பார்த்துக் கொள்கிறேன்" என்று சொல்லாத விவசாயி இல்லை. எந்தக் கோர்ட்டில் என்று கேட்டால்தான் தயக்கம் வருகிறது. கோர்ட்டு தவறினால் வழக்கு தோற்பதில்லை. ஆனால் பருவம் தவறிவிடும். ஆகையால் இதனைத் தெரிந்து வைத்திருத்தல் நலம்.

போலகத்தில் ஒரு விவசாயிக்கு 6 மா, அதாவது சுமார் 2 ஏக்கர் நஞ்சை இருப்பதாக வைத்துக் கொள்வோம். பக்கத்து நிலத்துக்காரர் நாகூரில் குடியிருப்பவர். அவர் வரப்பை வெட்டி உள்ளே தள்ளிப் போட்டதோடு மடையையும் அடைத்துவிட்டார். நாற்று நட்டுப் பத்து நாள் ஆகிறது. எதிராளி நாகூர்க்காரர் என்பதால் நாகப்பட்டினம் கோர்ட்டுக்குப் போக வேண்டுமா? தேவையில்லை. உரிமையியல் நடைமுறைச் சட்டம் 16-ஆம் பிரிவின்படி நிலம் எங்கே இருக்கிறதோ அங்குள்ள கோர்ட்டில்தான் நில வழக்கு நடக்கும். நிலம் போலகத்தில் இருப்பதால் காரைக்கால் கோர்ட்டே போதும்.

கொடுக்கல் வாங்கல் வழக்கு வேறு வகை. களத்தில் நெல்லை வாங்கிப் போன வியாபாரி பணம் தரவில்லை என்றால், அவர் குடியிருக்கும் ஊரிலும் வழக்குப் போடலாம். வியாபாரம் நடந்த ஊரிலும் போடலாம்.

அடுத்து, எந்தப் படிக்கட்டில் ஏறுவது? பிரெஞ்சு ஆட்சியில் காரைக்காலுக்குத் தனி நீதிமுறை இருந்தது. 1962-இல் புதுச்சேரிப் பகுதிகள் சட்டப்படி இந்தியாவுடன் இணைந்தபின் சென்னை உயர் நீதிமன்றத்தின் அதிகாரம் இங்கும் வந்தது. 1966-ஆம் ஆண்டின் சிவில் நீதிமன்றச் சட்டம் முன்சீப் கோர்ட்டு, சப் கோர்ட்டு, மாவட்டக் கோர்ட்டு என மூன்று படிகளை வகுத்தது. நடைமுறைச் சட்டம் 1968-இல் இங்கு அமலுக்கு வந்தது. அதன் 15-ஆம் பிரிவு, வழக்கை விசாரிக்க அதிகாரமுள்ள கோர்ட்டுகளில் கீழ்ப்படியில் உள்ளதில்தான் தாக்கல் செய்ய வேண்டும் என்கிறது. பெரிய கோர்ட்டில் போட்டால் பெரிய நீதி கிடைக்கும் என்று எண்ணுவோர் இதைக் கவனிக்க வேண்டும்.

படியை முடிவு செய்வது வழக்கின் மதிப்பு. இது நிலத்தின் கிரய விலையேதான் என்று கொள்ள வேண்டாம். நிலம் எனக்கே உரியது என்று அறிவிக்கக் கேட்பதற்கு ஒரு மதிப்பு. மடையை அடைக்கக் கூடாது என்று தடையுத்தரவு மட்டும் கேட்பதற்கு வேறு மதிப்பு. ஒவ்வொரு கோர்ட்டுக்கும் உள்ள தொகை வரம்பு சட்டத் திருத்தத்தால் அவ்வப்போது உயர்த்தப்படுவதால், தாக்கல் செய்யும் நாளில் உள்ள வரம்பையே பார்க்க வேண்டும். பத்து வருடத்திற்கு முன் அண்ணன் போட்ட வழக்கை வைத்துக் கணக்குப் போடக் கூடாது.

முத்திரைக் கட்டணத்தை மிச்சம் பிடிக்க மதிப்பைக் குறைத்துக் காட்டுவது நம்மவர் வழக்கம். பீகாரில் மோங்கீர் ஜில்லாவில் 12 ஏக்கர் 51 சென்ட் நிலத்திற்காக நடந்த வழக்கைச் சொல்ல வேண்டும். வாதிகள் 2,950 ரூபாய் என்று மதிப்பிட்டு வழக்குப் போட்டனர். சப் கோர்ட்டில் தோற்று, மாவட்டக் கோர்ட்டில் மேல்முறையீடு செய்து அங்கும் தோற்றனர். பாட்னா உயர் நீதிமன்றத்திற்குப் போனபோது சரியான மதிப்பு 9,980 ரூபாய் என்று தெரிய வந்தது. அப்படியானால் முதல் மேல்முறையீடே உயர் நீதிமன்றத்திற்குத்தான் வந்திருக்க வேண்டும். மாவட்டக் கோர்ட்டின் தீர்ப்பு செல்லாது என்று வாதிகள் வாதாடினர். உச்ச நீதிமன்றம் 1954-இல் இதை ஏற்கவில்லை. தீர்ப்பு எழுதியவர் நம் தமிழகத்து நீதிபதி டி. எல். வெங்கடராம அய்யர். தப்பு மதிப்பீட்டால் வழக்கின் நியாயத்திற்கே பாதகம் ஏற்பட்டது என்று காட்டினால் ஒழிய, தீர்ப்பைக் கலைக்க முடியாது என்றார். குறைத்து மதிப்பிட்டவர்கள் தாங்களே என்பதால் அவர்களுக்கு அனுதாபமும் கிடைக்கவில்லை. எதிராளியின் மதிப்பீட்டில் தவறு இருந்தால் அதை முதல் கோர்ட்டில், ஆரம்பத்திலேயே சொல்லிவிட வேண்டும்.

காரைக்கால் பகுதியில் இன்னொரு சிக்கல் உண்டு. பாகப்பிரிவினைக்கு வரும் குடும்பச் சொத்தில் 3 மா போலகத்திலும் 4 மா நாகை மாவட்டத்திலும் இருக்கலாம். இதற்கு இரண்டு வழக்குகள் வேண்டாம். 17-ஆம் பிரிவின்படி இரண்டில் ஒரு கோர்ட்டில் மொத்தச் சொத்துக்கும் வழக்குப் போடலாம். ஆனால் 7 மாவின் மொத்த மதிப்பும் அந்தக் கோர்ட்டின் வரம்புக்குள் அடங்க வேண்டும். போலகத்து 3 மாவை மட்டும் கணக்கிட்டு முன்சீப் கோர்ட்டுக்குப் போய் ஏமாறக் கூடாது.

கோர்ட்டு தவறினால் பிராதைத் திருப்பிக் கொடுப்பார்கள். நல்லெண்ணத்தோடு அங்கே கழித்த காலத்தை, கெடு கணக்கிடும்போது 1963-ஆம் ஆண்டின் காலவரைச் சட்டம் தள்ளிவிடுகிறது. ஆனால் சரியான கோர்ட்டில் விசாரணை முதலிலிருந்து தொடங்க வேண்டும் என்று 2020-இல் உச்ச நீதிமன்றம் கூறியுள்ளது. தடையுத்தரவையும் அங்கே புதிதாகக் கேட்க வேண்டும். அதுவரை அடைத்த மடை அடைத்தபடியே கிடக்கும். நட்ட பயிர் காத்திராது.

சாகுபடிக் குத்தகைதாரரை வெளியேற்றுவது போன்ற தகராறுகளுக்குத் தனிச் சட்டமும் வருவாய் நீதிமன்றமும் உள்ளன. அவற்றை முன்சீப் கோர்ட்டுக்குக் கொண்டு போக வேண்டாம்.

வக்கீலைப் பார்க்கப் போகும்போது பத்திரம், பட்டா, புலப்படம், தீர்வை ரசீது ஆகியவற்றோடு நிலத்தின் அக்கம்பக்க விலை விவரத்தையும் எடுத்துச் செல்லவும். பிரெஞ்சுக் காலத்து நோத்தேர் பத்திரம் இருந்தால் அதையும் விட்டுவிட வேண்டாம். வக்கீல் வைக்க வசதியில்லாதவர்கள் கோர்ட்டில் உள்ள சட்டப் பணிகள் குழுவிடம் இலவச உதவி கேட்கலாம்.