வெள்வேலமும் கொரங்காடும்

அன்புள்ள பேத்திக்கு,

உன் கடிதம் கிடைத்தது. தாராபுரத்திலிருந்து காங்கயம் வருகிற வழியில் பஸ் ஜன்னலோரம் உட்கார்ந்து நீ பார்த்த முள்மரங்களெல்லாம் சீமைக்கருவேலந்தானா என்றும், அப்படியானால் அவற்றை வெட்டி எறியாமல் வேலி போட்டுக் காப்பாற்றி வைத்திருப்பது என்ன விவேகம் என்றும் கேட்டிருக்கிறாய். கேள்வி நியாயமானதுதான், ஆனால் நீ பார்த்தது வேறு மரம் கண்ணு. அது நம்முடைய வெள்வேலம்.

வெள்வேலத்தின் பட்டை வெளுத்து, சற்றே மஞ்சள் பாரித்திருக்கும். இலைக்காம்பின் அடியில் வெள்ளை முட்கள் இரண்டிரண்டாக நிற்கும். மழைக்காலத்தை ஒட்டிக் கிளை நுனிகளில் வெளிர்மஞ்சளாகச் சின்னஞ்சிறு பூப்பந்துகள் கொத்துக்கொத்தாகத் தோன்றும். சீமைக்கருவேலத்தின் பூ பந்தாக இராமல் கதிராக நீண்டு தொங்கும். குளத்துக்குள் நிற்கும் கருவேலத்துக்கோ பட்டை கறுப்பு, பூ பொன்மஞ்சள், காய் மணி கோத்தாற்போல் இடையிடையே இறுகியது.

இனி விஷயத்துக்கு வருகிறேன். தென்மேற்குப் பருவத்து மழையை மேற்கு மலைகளே வாங்கிக்கொண்டுவிட, பாலக்காட்டுக் கணவாய் வழியாக வறண்ட காற்று மட்டுமே பெரும்பாலும் வந்து சேர்கிற இந்தச் சீமையில், ஐப்பசி கார்த்திகை மழையை நம்பியே குடியானவன் காலம் தள்ளவேண்டியிருக்கிறது. உப்பாறும் நல்லதங்காள் ஓடையும் மழைக்கு ஓடி வெயிலுக்கு வறளுகிறவை. இப்படிப்பட்ட பிரதேசத்தில், சோளமும் கம்பும் பொய்த்துப்போன வருஷத்திலும் மாட்டையும் ஆட்டையும் பட்டினி போடாமல் காக்கும்பொருட்டு நம் முன்னோர் கண்ட உபாயந்தான் கொரங்காடு. சில ஏக்கர் நிலத்தைச் சுற்றி முள்ளுக்கிளுவைப் போத்துகளை மழைக்காலத்தில் நெருக்கமாக நட்டு உயிர்வேலி ஆக்கி, உள்ளே கொழுக்கட்டைப் புல்லையும் நரிப்பயற்றையும் தானாக முளைத்துப் பரவவிட்டு, அவற்றின் நடுவே இங்கொன்றும் அங்கொன்றுமாக வெள்வேலத்தை நிற்கவிடுவார்கள். இரண்டு காடுகளின் வேலிகளுக்கு இடையே போகிற இட்டேரி வழியாக உருப்படிகளை ஓட்டிவந்து படலைச் சாத்திவிட்டால் மேய்ப்பவன் கூடத் தேவையில்லை. ஒரு காட்டில் புல் தீர்ந்ததும் அடுத்த காட்டுக்கு மாற்றிவிட்டு, மேய்ந்த காட்டை ஆறப்போடுவார்கள்.

வெள்வேலத்தின் விசேஷம் அதன் காய் முற்றும் பருவத்தில் இருக்கிறது. புல் காய்ந்து சருகாகி, வேறெந்தத் தீவனமும் தேடக் கிடைக்காத கோடையில், இந்த மரம் காயை உதிர்க்கிறது. ஆடுகள் நிழலுக்காக அடியில் ஒதுங்கும் அதே இடத்தில் அவற்றுக்கு ஆகாரமும் விழுகிறது. தின்ற காயின் விதை, மேலோடு கெட்டியானதாகையால், ஆட்டின் வயிற்றில் முழுதும் ஜீரணமாகிவிடாமல் ஓடு மட்டும் இளகிப் புழுக்கையோடு வெளியே வந்து, அடுத்த மழையில் முளைக்கிறது. ஆகவே கொரங்காட்டில் மரம் நட்டவர் என்று யாரையும் காட்டமுடியாது. உழவோட்டாத நிலமாதலால் பட்டணத்தார் அதைத் தரிசு என்பார்கள். என் அபிப்பிராயத்தில் அதுவும் ஒரு பயிர்தான், அறுவடையை மட்டும் ஆடுமாடு செய்துகொள்கிறது. சித்திரையில் கண்ணபுரம் சந்தைக்கு வருகிற காங்கயம் காளைகளும், பழையகோட்டைப் பட்டக்காரர் நல்லதம்பிச் சர்க்கரை மன்றாடியார் போன்றோர் பேணி வளர்த்த மாட்டு வம்சமும் இந்த மேய்ச்சலில் உருவானவையே.

ஒரு சங்கடமும் உண்டு. பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில், விறகுக்காக அன்றைய சென்னை ராஜதானிக்குத் தருவிக்கப்பட்ட சீமைக்கருவேலத்தின் காயையும் ஆடு ருசித்துத் தின்கிறது. அதன் விதையும் அதே கிரமத்தில்தான் பரவுகிறது. ஆடு பேதம் பார்ப்பதில்லை. அதனால் மழை கண்டதும் காட்டைச் சுற்றிவந்து, சீமை நாற்றை ஆணிவேர் ஆழமாகு முன் பிடுங்கிவிடுவது காட்டுக்காரன் கடமை. இதைச் செய்யாது விட்ட காடுகளில் இன்று புல்லும் இல்லை, வெள்வேலமும் இல்லை. மனை பிரித்து விற்ற காடுகளைப் பற்றிச் சொல்லவே வேண்டாம்.

வெள்வேல மரம் கலப்பைக்கும் கம்பத்துக்கும் ஆகும். பட்டை தோல் பதனிட உதவும். அதே பட்டையை வெல்லத்தோடு ஊறப்போட்டுச் சாராயம் காய்ச்சும் வித்தையும் ஊருக்கு ஊர் தெரிந்ததே. அதன் விவரம் உனக்கு வேண்டியதில்லை.

உங்கள் பள்ளித் தோட்டத்துக்கு விதை கேட்டிருந்தாயல்லவா? மரத்திலிருந்து பறித்ததானால் வெந்நீரில் போட்டு ஓர் இரவு ஊறவைக்க வேண்டும். ஆட்டுப்பட்டியில் பொறுக்கியதானால் நேரே ஊன்றலாம். வேர் நேராகக் கீழே இறங்கும் சுபாவமுடையது. ஆகையால் உயரமான பையாகப் பார்த்து வாங்கு. நாற்றை ஐப்பசி மழைக்கு முன் நிலத்தில் நட்டு, இரண்டு மூன்று வருஷம் ஆட்டுக்கு எட்டாமல் முள் கட்டி வை. பட்டியில் பொறுக்கிய விதையை ஒரு பொட்டலமாக உன் மாமனிடம் கொடுத்தனுப்புகிறேன்.

அன்புடன்,
அப்புச்சி