சிலந்திக் குரங்கு பார்க்கப் போகிறவர்களுக்கு

பனாமாக் கால்வாய்க்காகச் சாக்ரெஸ் ஆற்றை மறித்தபோது காதூன் ஏரி பெருகியது. அதில் முழுகாமல் மிஞ்சிய குன்றின் தலைதான் பாரோ கொலராடோ தீவு. ஸ்மித்சோனியன் வெப்பமண்டல ஆய்வு நிலையம் இன்று அங்கே இருக்கிறது. முதல் தடவையாகக் குறிப்பேடும் தொலைநோக்கியுமாக அந்தக் காட்டுக்குள் இறங்கும் தம்பி தங்கைகளுக்குச் சில வார்த்தைகள்.

1. குரங்கைத் தேடாதீர்கள், பழுத்த மரத்தைத் தேடுங்கள். சிலந்திக் குரங்கின் சாப்பாட்டில் பெரும்பங்கு பழுத்த பழம். கிளைக்குக் கிளை அது ஊசலாடிப் போகிற வேகத்துக்குத் தரையில் உங்களால் ஓட முடியாது. அத்தி எங்கே பழுத்திருக்கிறது, மாமரக் குடும்பத்தைச் சேர்ந்த ஹோபோ எங்கே மஞ்சளாக உதிர்ந்து கிடக்கிறது என்று முதல் வாரம் முழுக்கக் கீழே பார்த்தே நடங்கள். பிறகு விடியுமுன் அந்த மரத்தடிக்குப் போய்க் காத்திருங்கள். (குரங்குகள் தின்னும் ஹோபோப் பழத்தில் லேசாகச் சாராயம் ஊறியிருப்பதை 2022-இல் அளந்து சொன்னார்கள். அதற்காக அவை போதையில் ஆடுவதாக ஊருக்குக் கடிதம் எழுத வேண்டாம்.)

2. எண்ணிக்கையில் அவசரம் கூடாது. காலையில் மூன்று பார்ப்பீர்கள், பத்து மணிக்கு ஏழு, மாலையில் தாயும் குட்டியும் மட்டும். எல்லாம் ஒரே கூட்டம்தான். பழம் குறைந்தால் பிரிந்து மேயும், ஒரு பெரிய அத்தி பழுத்தால் சேர்ந்துகொள்ளும். ஆகவே “கூட்டத்தில் ஏழு” என்று எழுதாமல் “கண்ணில் பட்டவை ஏழு” என்று எழுதுங்கள். யார் யாரோடு வந்தார், எப்போது விலகினார் என்பதைக் குறிப்பதுதான் பாதி வேலை.

3. தொங்குவதைப் பார்த்து ஆண் என்று முடிவு கட்டாதீர்கள். பெண்ணின் கிளிட்டோரிஸ் நீண்டு வெளியே தொங்கும். புதிதாக வருகிறவர்களுக்குத் தடுக்கும் இடம் இது. விதைப்பை தெரிகிறதா என்று பின்பக்கமாகப் பார்த்து உறுதி செய்யுங்கள். இன்னொன்று. நம்மூர் நாட்டுக்குரங்கைப் பார்த்துப் பழகியவர்களுக்குத் தாய்வழிக் கூட்டம் பழக்கம்: பெண் பிறந்த கூட்டத்திலேயே இருக்கும், ஆண் வெளியேறும். இங்கே தலைகீழ். ஆண் தங்கும், பருவம் வந்த பெண் வேறு கூட்டத்துக்குப் போய்விடும்.

4. ஒரு நாளாவது வாலை மட்டும் பாருங்கள். உடலைவிட நீளமான வால். நுனியின் அடிப்பக்கத்தில் மயிரே இல்லாமல், விரல்நுனி போல ரேகை ஓடிய வெறுந்தோல். பழம் பறிக்கும்போது வால் முதலில் கிளையைத் தடவி, சுற்றி, இறுக்கும். அதன் பிறகுதான் கைகள் விடுபடும். கையிலோ கட்டைவிரல் இல்லை, இருந்தாலும் பெயருக்கு ஒரு முண்டு. மிச்ச நான்கு விரலும் தொரட்டி மாதிரி வளைந்து கிளையில் மாட்டிக்கொள்ளும்.

5. இதே காட்டில் இருக்கும் ஊளைக் குரங்கைச் சோம்பேறி என்று எழுதினால் எனக்குக் கோபம் வரும். அது இலையும் தின்கிறது. இலை செரிக்க நேரம் வேண்டும். ஆய்வாளர் கேத்தரின் மில்டன் இதே தீவில் இதையும் சிலந்திக் குரங்கையும் ஒப்பிட்டார்: தின்றது உடலைக் கடக்க ஊளைக் குரங்குக்கு ஏறத்தாழ 20 மணி நேரம், சிலந்திக் குரங்குக்கு 4. உடல் எடையில் இரண்டும் ஏறக்குறைய சமம். மூளையோ முதலாவதற்கு 50 கிராம், இரண்டாவதற்கு 107. சிதறிக் கிடக்கும் பழத்தை இடமும் காலமும் நினைவில் வைத்துத் தேடுகிறவனுக்குப் பெரிய மூளை தேவைப்பட்டது என்பது அவர் வாதம். எனக்கு அது சரியென்றே படுகிறது.

6. சிலந்திக் குரங்குக்கு நேர் கீழே நிற்காதீர்கள். பிடிக்காவிட்டால் கிளையை உலுக்கி, ஒடித்து உங்கள் மேல் போடும். மலமும் விழும். விலகும் அவசரத்தில் பக்கத்து மரத்தைப் பிடிக்கவும் கூடாது. அது கரும்பனையாக இருந்தால் முள் உள்ளங்கையில் ஏறிவிடும்.

7. சோறு போட்டுச் சிநேகம் பிடிக்க வேண்டாம். வேட்டையில் இந்தத் தீவின் சிலந்திக் குரங்குகள் அழிந்தே போயின. 1959 முதல் சந்தையில் வாங்கிய குட்டிகளைக் கொண்டுவந்து விட்டார்கள். தப்பிப் பிழைத்தவை ஐந்து, அதில் ஆண் ஒன்று. இன்று நீங்கள் பார்ப்பவை அவற்றின் வழிவந்தவை. சந்தைக்கு ஒரு குட்டி வர வேண்டுமென்றால் பெரும்பாலும் தாய் சுடப்பட்டிருக்கும். ஓர் ஈற்றுக்கும் அடுத்ததற்கும் இரண்டு மூன்று ஆண்டு இடைவெளி விடும் விலங்கு அந்த இழப்பை எளிதில் ஈடுகட்டாது. வேறு காடுகளுக்குப் போகும்போது, பெருமரங்கள் நின்றும் சிலந்திக் குரங்கு ஒன்றுகூட இல்லையென்றால் அங்கே துப்பாக்கி புழங்குகிறதா என்று விசாரியுங்கள்.

8. ஒன்றும் பார்க்காத நாளையும் எழுதிவையுங்கள்: எந்த வழி, என்ன மழை, எது பூத்தது, எது பூக்கவில்லை. 1970-இல் இந்தத் தீவில் வறண்டிருக்க வேண்டிய மாதங்களில் மழை பெய்தது. பல மரங்கள் பூக்காமல் விட்டன, ஆண்டுக் கடைசியில் பழம் பொய்த்தது, காட்டில் விலங்குகள் செத்து விழுந்தன. காரணத்தை ஆய்வாளர் ராபின் ஃபாஸ்டரால் சொல்ல முடிந்தது, விழுந்த பழத்தையும் விதையையும் தொடர்ந்து சேகரித்து எண்ணிவந்ததால். அந்தப் பஞ்சத்தில் நிலையத்துச் சிலந்திக் குரங்குகள் கதவு திறக்கக் கற்றுக்கொண்டு, சாப்பிட்டுக்கொண்டிருந்த ஆய்வாளர்களை ஒதுக்கிவிட்டு, மேசையிலிருந்த ரொட்டியையும் வாழைப்பழத்தையும் தூக்கிப் போயின. இறைச்சியைத் தொடவில்லை.