திரொட்டில் அலகைத் தூய்மையாக்கல்: காரணமும் செய்முறையும்

மோட்டார் வாகனப் பராமரிப்பு – க.பொ.த. (சாதாரண தரம்) மாணவர்க்கான மீட்டல் குறிப்பு

இப்பாடத்தைக் கற்ற பின்னர் உங்களால்

• திரொட்டில் அலகின் தொழிலை விளக்கவும்,
• அதில் அழுக்குப் படிவதற்கான காரணங்களைக் கூறவும்,
• அழுக்கின் விளைவு வெற்றோட்டத்திலேயே முதலில் தெரிவதற்கான காரணத்தைக் கணித்துக் காட்டவும்,
• பாதுகாப்பு விதிகளைப் பின்பற்றித் தூய்மையாக்கும் படிமுறைகளை ஒழுங்காக எழுதவும்

முடிதல் வேண்டும்.

அறிமுகம்

மாணவர்களே, பின்வரும் நிகழ்வைக் கருதுக. பெற்றோல் கார் ஒன்று பிரதான வீதியில் எவ்விதக் குறையுமின்றி ஓடுகிறது. ஒளிச்சமிக்ஞையில் சிவப்பு விளக்கைக் கண்டு சாரதி காரை நிறுத்துகிறார். எஞ்சின் நடுங்கி, தானாகவே நின்று விடுகிறது. மீண்டும் இயக்கினால் இயங்குகிறது. அடுத்த சந்தியில் மறுபடியும் நின்று விடுகிறது.

இது வெறும் தொல்லை மட்டுமன்று. எஞ்சின் நின்றதும் சுக்கானுக்குக் கிடைக்கும் வலு உதவி அற்றுப்போகும். பிரேக் மிதியை ஓரிரு தடவைகள் அழுத்திய பின்னர் அது இறுகி விடும். பிரேக் வேலை செய்யும்; ஆனால் வழமையை விட மிகக் கூடிய விசையுடன் அழுத்த வேண்டியிருக்கும். கார் முற்றாக நிற்பதற்கு முன்னரே எஞ்சின் நின்று விட்டால் என்ன நேரலாம் என்பதை நீங்களே சிந்தித்துப் பாருங்கள்.

இக்குறைபாட்டிற்கு எரிபொருள் பம்பியையும் தீப்பொறிச் செருகிகளையும் மாற்றிப் பணத்தைச் செலவிட்ட பின்னரும் பயன் காணாதோர் பலர். பல சந்தர்ப்பங்களில் குறைபாடு கடதாசித் தாளிலும் மெல்லிய ஓர் அழுக்குப் படையே. அதைப் பற்றியதே இப்பாடம்.

1. திரொட்டில் அலகின் தொழில்

வளி வடிகட்டிக்கும் உள்ளெடுப்புக் குழாய்த் தொகுதிக்கும் இடையே திரொட்டில் அலகு பொருத்தப்பட்டுள்ளது. திருத்தகங்களில் இதனை 'திரொட்டில் பொடி' என்பர். இது ஓர் உலோகத் துளையையும் அத்துளையினுள் அச்சொன்றில் திரும்பும் வட்டத் தட்டொன்றையும் கொண்டது. வண்ணத்துப்பூச்சியின் சிறகு போலத் திரும்புவதால் இத்தட்டு வண்ணத்துப்பூச்சி வால்வு எனவும் அழைக்கப்படும்.

ஆர்முடுக்கி மிதியை அழுத்தும்போது தட்டு திறக்கிறது. எஞ்சினுள் செல்லும் வளியின் அளவு கூடுகிறது. பழைய வாகனங்களில் மிதியும் தட்டும் கம்பி வடத்தினால் இணைக்கப்பட்டிருக்கும். பிந்திய வாகனங்களில் சிறிய மின்மோட்டாரொன்று தட்டைத் திருப்பும். அதற்கான கட்டளையை இலத்திரனியல் கட்டுப்பாட்டு அலகு வழங்கும்.

ஆர்முடுக்கியை அழுத்தாத நிலையில் எஞ்சின் மெதுவாகச் சுழலும் வேகம் வெற்றோட்ட வேகம் எனப்படும். திருத்துநர்கள் இதனை 'ஐட்லிங்' என்பர். இந்நிலையில் தட்டு ஏறக்குறைய மூடியே இருக்கும். தட்டின் விளிம்பிற்கும் துளைச் சுவருக்கும் இடையிலுள்ள மிக ஒடுங்கிய இடைவெளியூடாகவே வளி செல்லும். சில எஞ்சின்களில் இதற்கெனத் தனியான பக்க வழியொன்றும் உண்டு, அதுவும் ஒடுங்கியதே.

கவனிக்குக: திரொட்டில் தட்டு நேரடியாகக் கட்டுப்படுத்துவது வளியையே, பெற்றோலை அன்று. உட்செல்லும் வளியின் அளவுக்கு ஏற்பப் பெற்றோலின் அளவைக் கட்டுப்பாட்டு அலகு தீர்மானிக்கும்.

2. அழுக்கு எங்கிருந்து வருகிறது?

வளி வடிகட்டியைத் தாண்டி வருவது தூய வளியாயின், திரொட்டில் தட்டில் கரிய பசை படிவது எவ்வாறு? காரணங்கள் மூன்று.

(அ) எஞ்சின் இயங்கும்போது எரிந்த வாயுவில் ஒரு சிறு பகுதி முசல வளையங்களைக் கடந்து கீழேயுள்ள சுழற்றித்தண்டு அறையை அடையும். அங்கு மசகெண்ணெய் ஆவியுடன் கலக்கும். இக்கலவை வளிமண்டலத்தை மாசுபடுத்தாதிருக்கும் பொருட்டு, குழாயொன்றின் மூலம் மீண்டும் உள்ளெடுப்புப் பக்கத்திற்கே அனுப்பப்படுகிறது. அதிலுள்ள எண்ணெய் தட்டிலும் சுவரிலும் ஒட்டிக்கொள்ளும்.

(ஆ) வடிகட்டி பழையதாகவோ சரியாகப் பொருந்தாமலோ இருப்பின் நுண்ணிய தூசி உட்புகுந்து அவ்வெண்ணெயில் ஒட்டும்.

(இ) சூடான எஞ்சினை நிறுத்தியதும் வளியோட்டம் நின்று விடும். எஞ்சினின் வெப்பம் மேலெழுந்து அவ்வெண்ணெய்ப் படையை உலர்த்தி, காபன் செறிந்த கரிய படிவாக்கும்.

காபரேற்றர் உள்ள எஞ்சின்களில் பெற்றோலும் வளியும் கலந்தே தட்டைக் கடந்து சென்றன. எனவே பெற்றோல் தட்டை ஓரளவு கழுவியது. பெற்றோல் உட்செலுத்திகள் வால்வுகளுக்கு அருகே பொருத்தப்பட்ட எஞ்சின்களில் தட்டைக் கடப்பது வளி மாத்திரமே. கழுவுவதற்கு எதுவுமில்லை.

3. ஏன் வெற்றோட்டத்தில் மாத்திரம் குறைபாடு தெரிகிறது?

மாணவர் பலர் 'அழுக்கு அடைப்பதால் வளி குறையும்' என்று மட்டும் எழுதி நிறுத்தி விடுவர். அவ்வாறாயின் வேகமாக ஓடும்போதும் குறைபாடு தெரிய வேண்டுமல்லவா? சிறு கணிப்பொன்றின் மூலம் விடை காண்போம்.

துளையின் விட்டம் 40 மி.மீ. எனவும், வெற்றோட்டத்தில் தட்டைச் சுற்றியுள்ள இடைவெளி 0.1 மி.மீ. எனவும், துளைச் சுவரில் 0.05 மி.மீ. தடிப்பான அழுக்குப் படிந்துள்ளது எனவும் கொள்க. பக்க வழியைக் கருத வேண்டாம்.

துளையின் சுற்றளவு = 22/7 × 40 = 125.7 மி.மீ.
வெற்றோட்டத்தில் வளி செல்லும் பரப்பு = 125.7 × 0.1 = 12.6 சதுர மி.மீ. (அண்ணளவாக)
அழுக்கு அடைக்கும் பரப்பு = 125.7 × 0.05 = 6.3 சதுர மி.மீ. (அண்ணளவாக)
முற்றாகத் திறந்த துளையின் பரப்பு = 22/7 × 20 × 20 = 1257 சதுர மி.மீ. (அண்ணளவாக)

வெற்றோட்டத்தில் ஏற்படும் இழப்பு = 6.3 ÷ 12.6 = 50%
முற்றாகத் திறந்த நிலையில் இழப்பு = 6.3 ÷ 1257 = 0.5%

அழுக்கு ஒன்றே, அது அடைக்கும் பரப்பும் ஒன்றே. ஆனால் வழி அகலமாக இருக்கும்போது அது இருநூறில் ஒரு பங்கு. வழி ஒடுங்கியிருக்கும்போது அது பாதி. இதனாலேயே நெடுஞ்சாலையில் நன்றாக ஓடும் கார் சந்தியில் நின்று விடுகிறது. இந்த ஒப்பீடே இப்பாடத்தின் மையக் கருத்து.

4. அறிகுறிகள்

• வெற்றோட்ட வேகம் குறைந்து அல்லது ஏறி இறங்கிக் காணப்படல்.
• வாகனத்தை நிறுத்தும்போது எஞ்சின் நின்று விடல்.
• குளிரூட்டியை இயக்கியதும் எஞ்சின் நடுங்குதல்.
• ஆர்முடுக்கியை மெதுவாக அழுத்தத் தொடங்கும்போது தட்டு ஒட்டிப் பின்னர் திடீரெனத் திறத்தல்.

இவ்வறிகுறிகளை மட்டும் கொண்டு முடிவு செய்தல் ஆகாது. வெடித்த உள்ளெடுப்புக் குழாய், தேய்ந்த தீப்பொறிச் செருகி, அடைபட்ட வடிகட்டி, பழுதுற்ற உணரி ஆகியனவும் இவ்வாறான அறிகுறிகளைத் தரும். எனவே முதலில் குழாய்களையும் வடிகட்டியையும் பரிசோதிக்க. பின்னர் வளிக்குழாயைக் கழற்றித் தட்டைக் கண்ணால் பார்க்க. கரிய வளையம் தெரிந்தால் மட்டுமே தூய்மையாக்க.

5. தேவையான பொருள்கள்

திரொட்டில் அலகுக்கென விற்கப்படும் தூய்மையாக்கித் தெளிப்பான், நூல் உதிராத தூய துணி, மென்மயிர்ப் பல்தூரிகை, திருகாணி செலுத்தி, பற்றரி முனைவுக்குப் பொருத்தமான ஸ்பனர், இரசாயனத்தைத் தாங்கும் கையுறை, பாதுகாப்புக் கண்ணாடி.

பயன்படுத்தக் கூடாதவை: கம்பித் தூரிகை, அரத்தாள், கத்தி, பெற்றோல். சில தட்டுகளிலும் துளைச் சுவர்களிலும் உற்பத்தியாளர் மெல்லிய காப்புப் பூச்சொன்றை இட்டிருப்பர். சுரண்டினால் அது அழியும். காபரேற்றருக்கான சில தூய்மையாக்கிகளும் அதனைக் கரைக்கக் கூடும். பெற்றோலின் ஆவி வளியிலும் பாரமானது. தரை மட்டத்தில் தேங்கி, சிறு தீப்பொறியாலும் தீப்பற்றும்.

6. பாதுகாப்பு விதிகள்

(1) வளர்ந்தவர் ஒருவரின் மேற்பார்வையின்றி இவ்வேலையைச் செய்ய வேண்டாம்.
(2) காற்றோட்டமுள்ள திறந்த வெளியில் செய்க. அருகில் அடுப்பு, விளக்கு, சிகரெட்டு எதுவும் இருத்தலாகாது.
(3) எஞ்சின் முற்றாகக் குளிரும் வரை காத்திருக்க.
(4) திறப்பை அகற்றுக. பின்னர் பற்றரியின் மறை முனைவைக் கழற்றுக.
(5) மின்மோட்டாரினால் இயங்கும் தட்டினுள், மின்னிணைப்பு உள்ளபோது விரலை இட வேண்டாம். தட்டு திடீரென மூடி விரலை நசுக்கலாம்.
(6) கலப்பின வாகனங்களில், அதாவது பெற்றோல் எஞ்சினும் மின்மோட்டாரும் சேர்ந்துள்ளவற்றில், இதனை வீட்டில் செய்ய வேண்டாம். அவற்றின் எஞ்சின் தானாகவே இயங்கத் தொடங்கக் கூடும். செம்மஞ்சள் நிற வடங்களில் உயர் அழுத்த மின்னும் உண்டு.

7. செய்முறை

படி 1: வாகனத்தைச் சமதரையில் நிறுத்திக் கைபிரேக்கை இடுக. மேற்கூறிய பாதுகாப்பு விதிகளை நிறைவேற்றுக.

படி 2: வளிக்குழாயின் இறுக்கி வளையங்களைத் தளர்த்திக் குழாயைக் கழற்றுக. வளிப்பாய்ச்சல் உணரி இணைந்திருப்பின் அதன் மின்னிணைப்பை மெதுவாக விடுவிக்க. கழற்றிய ஒழுங்கைக் குறித்துக்கொள்க.

படி 3: தூய்மையாக்கியைத் துணியின் மீது தெளிக்க. துளையினுள் நேரடியாகப் பெருமளவில் தெளிக்க வேண்டாம். மேலதிக திரவம் கரைந்த அழுக்குடன் எஞ்சினுள்ளும், அச்சின் வழியே மின்பகுதிகளினுள்ளும் செல்லும்.

படி 4: துளைச் சுவரையும் தட்டின் முன்பக்கத்தையும் துடைக்க. தட்டின் விளிம்பில் விசேட கவனம் செலுத்துக; கணிப்பில் கண்ட இடைவெளி அங்கேயே உள்ளது.

படி 5: கம்பி வடத்தால் இயங்கும் தட்டாயின், வடத்தின் இணைப்பைக் கையால் திருப்பித் தட்டைத் திறந்து பின்பக்கத்தையும் துடைக்க. மின்மோட்டாரால் இயங்கும் தட்டை வலிந்து தள்ள வேண்டாம். உள்ளேயுள்ள பற்சில்லுகள் பழுதடையலாம். அதனைக் கையால் திறக்கலாமா என்பதை வாகனக் கைந்நூலில் பார்த்து நடக்க.

படி 6: ஒட்டிய படிவைத் தூரிகையால் மெதுவாகத் தளர்த்தி மீண்டும் துடைக்க. துணியில் கறுப்பு ஏறாத வரை தொடர்க. துணித் துண்டு எதுவும் உள்ளே விடப்படவில்லை என்பதை உறுதி செய்க.

படி 7: ஆவி முற்றாக அகலும் வரை காத்திருந்து, குழாய், மின்னிணைப்பு, பற்றரி முனைவு என்ற ஒழுங்கில் மீளப் பொருத்துக.

அவதானம்: வளிப்பாய்ச்சல் உணரியின் மீது இத்தூய்மையாக்கியைத் தெளிக்க வேண்டாம். தட்டின் நிறுத்தத் திருகாணியையும் திருப்ப வேண்டாம். அது தொழிற்சாலையில் சரிசெய்யப்பட்டது.

8. தூய்மையாக்கிய பின்னர்

முதல் தடவை எஞ்சின் இயங்கச் சற்றுத் தாமதிக்கலாம். சிறிது புகையும் வரலாம். வெற்றோட்ட வேகம் முன்னரிலும் கூடியிருப்பின் பதற வேண்டாம். அழுக்கினால் குறைந்த வளியை ஈடுசெய்யக் கட்டுப்பாட்டு அலகு தட்டை அல்லது பக்க வழியைச் சற்றுக் கூடுதலாகத் திறந்து பழகியிருக்கும். இப்போது அழுக்கு இல்லை. பழக்கம் மட்டும் எஞ்சியுள்ளது. மின்சாதனங்களை நிறுத்தி, எஞ்சின் தொழிற்படு வெப்பநிலையை அடையும் வரை வெற்றோட்டத்தில் விடுக. பல வாகனங்கள் தாமாகவே புதிய நிலையைக் கற்றுக்கொள்ளும். சிலவற்றில் கைந்நூலில் கூறப்பட்ட படிமுறை அல்லது பரிசோதனைக் கருவி தேவைப்படும். வேகம் கூடியிருக்கும் வரை வாகனத்தை வீதியில் செலுத்த வேண்டாம்.

9. மாதிரி வினாக்கள்

வினா 1: திரொட்டில் தட்டு நேரடியாகக் கட்டுப்படுத்துவது
(1) பெற்றோலின் அளவை (2) வளியின் அளவை (3) மசகெண்ணெயின் அமுக்கத்தை (4) தீப்பொறியின் நேரத்தை
விடை: (2)

வினா 2: 796 கன செ.மீ. கொள்ளளவுள்ள நான்கடிப்பு எஞ்சினொன்று வெற்றோட்டத்தில் நிமிடத்துக்கு 900 சுற்றுகள் சுழல்கிறது. உள்ளெடுப்பு அமுக்கம் வளிமண்டல அமுக்கத்தின் மூன்றிலொரு பங்கு எனக் கொண்டு, நிமிடமொன்றில் அது உள்ளெடுக்கும் வெளி வளியின் கனவளவை அண்ணளவாகக் கணிக்க.

விடை: நான்கடிப்பு எஞ்சினில் இரு சுற்றுகளுக்கு ஒரு தடவையே எல்லா உருளைகளும் நிரம்பும். எனவே நிமிடத்துக்கு 900 ÷ 2 = 450 தடவைகள்.
450 × 796 = 358 200 கன செ.மீ. = 358.2 லீற்றர்.
அமுக்கம் மூன்றிலொன்றாதலால் 358.2 ÷ 3 = 119.4 லீற்றர்.
செக்கனுக்கு ஏறத்தாழ 2 லீற்றர். இவ்வளவு வளியும் அந்த ஒடுங்கிய வழியூடாகவே செல்ல வேண்டும்.

வினா 3: 'வேகமாக ஓடும்போது குறைபாடு இல்லை. ஆகவே திரொட்டில் அலகு தூய்மையாக உள்ளது.' இக்கூற்றுச் சரியானதா? காரணம் தருக.

விடை: சரியன்று. தட்டு அகலத் திறந்துள்ளபோது அழுக்கு அடைக்கும் பரப்பு மொத்தப் பரப்பின் மிகச் சிறு பங்காகும். தட்டு மூடியுள்ளபோது அதே பரப்பு பெரும் பங்காகும். எனவே குறைபாடு வெற்றோட்டத்திலேயே முதலில் வெளிப்படும். (இரு நிலைகளையும் ஒப்பிட்டு எழுதினால் மாத்திரமே விடை நிறைவுறும்.)

வினா 4: தூய்மையாக்கத் தொடங்குமுன் பற்றரியின் மறை முனைவைக் கழற்றுவதற்கான காரணங்கள் இரண்டு தருக.

விடை: தட்டு மோட்டாரினால் திடீரென அசைந்து காயம் ஏற்படுவதைத் தடுத்தல், மின்பொறியினால் தூய்மையாக்கியின் ஆவி தீப்பற்றுவதைத் தடுத்தல்.

பொழிப்பு

திரொட்டில் அலகு எஞ்சினுக்குச் செல்லும் வளியைக் கட்டுப்படுத்துகிறது. எண்ணெய் ஆவியும் தூசியும் வெப்பமும் சேர்ந்து அதில் படிவை உண்டாக்குகின்றன. வழி மிக ஒடுங்கியிருக்கும் வெற்றோட்டத்திலேயே அதன் விளைவு முதலில் தெரிகிறது. தூய்மையாக்க வேண்டியது கைத்துணியால், பொறுமையுடன், சுரண்டியன்று. ஒரு பகுதியை மாற்றுமுன் அதனைக் கழற்றிப் பார்த்துக் காரணத்தைக் கண்டறிவதே நல்ல திருத்துநரின் முதற் பண்பு. பரீட்சையிலும் அவ்வாறே: காரணத்தை எழுதிய பின்னரே படிமுறையை எழுதுக.