வ.உ.சி.யின் கப்பலும் ஹாஜியின் பங்கும்

செஞ்சி மலைகளை அன்றாடம் காணும் அனந்தபுரத்து மாணவர்க்குக் கடல் தொலைவில் உள்ளது. எனினும், கடல்மேல் ஒரு தமிழர் நடத்திய முயற்சி எத்தொழிலில் இறங்குவோர்க்கும் பாடமாகும். அவரே 'கப்பலோட்டிய தமிழர்' வ.உ.சிதம்பரனார் (1872-1936). வள்ளுவர் 'ஆள்வினையுடைமை' என ஓர் அதிகாரமே வகுத்த விடாமுயற்சிக்கு அவர்தம் வாழ்வு ஓர் உரை எனலாம்.

ஒட்டப்பிடாரத்திற் பிறந்து தூத்துக்குடியில் வழக்கறிஞராய் விளங்கிய அவரிடம், தனியே கப்பல் வாங்கும் செல்வம் இருந்ததில்லை. தூத்துக்குடி - கொழும்புக் கடல்வழியோ ஆங்கிலக் கம்பெனியின் பிடியில் இருந்தது. அதனை எதிர்த்து, 1906 அக்டோபர் 16ஆம் நாள் சுதேசிக் கப்பல் கம்பெனி பதிவு செய்யப்பட்டது. மூலதனம் 10 இலட்சம் ரூபாய், பங்குகள் 40,000. பங்கொன்று 25 ரூபாயாதலின், பெருவணிகரேயன்றி நடுத்தர மக்களும் கப்பலுக்கு உரிமையாளராக வழி பிறந்தது.

மதுரைத் தமிழ்ச் சங்கம் கண்ட பாண்டித்துரைத் தேவர் தலைவரானார். செயலாளர் ஹாஜி முகமது பக்கீர் சேட் 8,000 பங்குகளை ஏற்றார். அதன் மதிப்பு 2 இலட்சம் ரூபாய். அஃதாவது முழு மூலதனத்தில் ஐந்தில் ஒரு பங்கு! முயற்சிக்கு வித்திட்ட வ.உ.சி.யோ துணைச் செயலாளராகவே அமைந்தார். பதவியை நாடாது பணியை நாடிய பண்பினை இங்கே காண்கிறோம்.

தொடக்கத்தில் வாடகைக்குக் கப்பல் தந்தோர் எதிராளிகளின் நெருக்குதலால் பின்வாங்கினர். வ.உ.சி. தளரவில்லை, பம்பாய் சென்று முயன்றார். 1907இல் 'காலியா', 'லாவோ' என்னும் கப்பல்கள் கம்பெனிக்கு உரிமையாயின. எதிர்க் கம்பெனி கட்டணத்தைக் குறைத்தும் மக்கள் ஆதரவு குன்றவில்லை.

ஆயின் 1908 மார்ச் 12ஆம் நாள் அவர் சிறைப்பட்டார். கீழ்நீதிமன்றம் விதித்த கடுந்தண்டனை மேல்முறையீட்டிற் குறைந்தது. எனினும் 1912 டிசம்பரில்தான் விடுதலை கிட்டியது. அதற்குள், 1911இல், கம்பெனி கலைக்கப்பட்டுவிட்டது. கோவைச் சிறையிற் செக்கிழுத்தவர் வெளிவந்தபோது கப்பலும் இல்லை. வழக்கறிஞர் உரிமையும் இல்லை. பின்னாளில் அவ்வுரிமையை மீட்க உதவிய நீதிபதி வாலஸின் நினைவாகத் தம் மகனுக்கு வாலேஸ்வரன் எனப் பெயரிட்டார். ஆங்கிலேயர் ஆட்சியை எதிர்த்தவர், ஆங்கிலேயர் ஒருவர் செய்த நன்றியை மறந்தாரல்லர்.

வறுமையிலும் அவர் முயற்சி நிற்கவில்லை. தொல்காப்பிய இளம்பூரணர் உரையைப் பதிப்பித்தார். திருக்குறள் அறத்துப்பாலுக்கு உரை வரைந்தார். கப்பல் செலுத்திய கை ஏடு காத்த கையுமாயிற்று.

ஐந்தாண்டே வாழ்ந்த கம்பெனியைத் தோல்வி என்போமா? இலாபக் கணக்கில் அது தோல்வியே. பங்கு வாங்கியோர் பணம் இழந்ததும் உண்மையே. ஆயினும், 'தன் முயற்சி' என்பது தனித்து நிற்பதன்று, பிறர் நம்பிக்கையைத் திரட்டுவதே என்பதை அது காட்டிற்று. சமயம் கடந்து ஒரே பங்கேட்டில் பெயர் எழுதிய அப்பெருமக்களின் ஒற்றுமையே, மாணவர் நாம் பெறவேண்டிய முதலாகும்.