மலையில்லா நாடும் மலைகளும்

தமிழ்நூலோர் மலையும் மலைசார்ந்த இடத்தையும் குறிஞ்சி என்றும், வயலும் வயல்சார்ந்த இடத்தையும் மருதம் என்றும் வகுத்தனர். தஞ்சைத் தரணியில் வாழும் யாம் மருதநில மக்கள். ஒரு கற்குன்றைக் காணவேண்டினும் மேற்கே திருச்சிராப்பள்ளிவரை செல்லல் வேண்டும். எனினும், நூலிற் பிரிந்து நிற்கும் இவ்விரு நிலங்களும் வாழ்விற் பிரிந்தனவல்ல. அதனை ஈண்டு ஆராய்வாம்.

நம் நாட்டு மலைகள் ஒரே தன்மையன அல்ல. வடக்கே இமயம் இளமையுடையது, இன்றும் வளர்ந்துவருவது. சிக்கிம் எல்லையில் நிற்கும் கஞ்சன்ஜங்கா 8,586 மீட்டர் உயரமுடையது. 1955-ஆம் ஆண்டில் அதன்மீது முதன்முதல் ஏறிய ஆங்கிலேயர் இருவர், அதனைப் புனிதமாகப் போற்றும் சிக்கிம் மக்களை மதித்து, உச்சியை மிதியாது சற்றே கீழே நின்று மீண்டனர். ஆரவல்லியின் குருசிகரமோ 1,722 மீட்டரே. ஆயினும் ஆரவல்லி இமயத்தினும் மிக மூத்தது. மழையும் காற்றும் தேய்த்தமையாற் குறுகியது. ஆதலின் உயரம் ஒன்றே மலையின் பெருமைக்கு அளவாகாது.

தென்னாட்டில் ஆனைமுடி 2,695 மீட்டரும், நீலகிரியின் தொட்டபெட்டா 2,637 மீட்டரும் உயர்ந்துள்ளன. இமயத்தின்முன் இவை சிறியன. நமக்கோ இவையே பெரியன. ஆனி, ஆடியில் தென்மேற்குப் பருவக்காற்று மேற்குத்தொடர்ச்சி மலையில் மோதி மழையைச் சொரிகின்றது. தஞ்சைக்குப் பெருமழை ஐப்பசி, கார்த்திகையிலேயே வரும். அதற்குமுன் குறுவைக்கு ஆற்றுநீர் வேண்டின் மலையையே நோக்கல் வேண்டும். குடகின் பிரமகிரியிற் காவிரியும், வயநாட்டிற் கபினியும், நீலகிரியிற் பவானியும், ஆனைமலைப் பக்கத்தில் அமராவதியும் தோன்றுகின்றன. 1934-இல் முடிந்த மேட்டூர் அணையும் மலை தந்த நீரைத் தேக்கி வழங்குமேயன்றி ஆக்கமாட்டாது.

மலைமடிப்புக்களில் வளரும் சோலைக்காடும் அதனைச் சூழ்ந்த புல்வெளியும் மழைநீரை உண்டு, சிறிது சிறிதாக ஓடைகளில் விடுகின்றன. நீலகிரியில் இவற்றுட் பெரும்பகுதி, கடந்த இரு நூற்றாண்டுகளில், தேயிலைக்கும் தைலமரத்திற்கும் இடங்கொடுத்து மறைந்தது. சோலை குறையின் மாரியில் மண்ணரிப்பு மிகும். கோடையில் ஓடை மெலியும். அதன் பயனைக் கடைமடை உழவனும் நுகர்தல் வேண்டும்.

நாம் உழும் வண்டலும் மேட்டுநிலங்கள் தேய்ந்து வந்ததே. இராசராசன் 1010-ஆம் ஆண்டில் முடித்த பெருங்கோயிலின் கல்வெட்டுக்களில் தட்சிணமேரு என்னும் பெயர் காணப்படுகின்றது. மலையில்லா ஊரார் கல்லால் ஒரு மலை செய்துகொண்டனர் போலும். ஆயினும் ஓடையும் சோலையும் உடைய மலையைச் செய்தல் எவ்வரசர்க்கும் அரிது. அது படைத்தவர் அருளியது. ஆகலின் நீலகிரியிலும் குடகிலும் ஒரு சோலை அழியின், அதனை அயலார் செய்தியென்று தஞ்சை மாணவர் ஒதுக்குதல் தகாது என்பது எம் துணிபு.