பெயரில்லாப் பக்கங்கள்

நுழையும்முன்
ஓர் இணைப்பைத் தொட்டதும் ஒரு பக்கம் திறக்கிறது. அதில் செய்தி இருக்கிறது. எழுதியவர் பெயர் இல்லை. இத்தகைய பக்கங்கள் தோன்றிய வரலாற்றையும் அவற்றை அணுகும் முறையையும் இப்பாடம் விளக்குகிறது.

தேவை தந்த தீர்வு
கணினி நிரலாளர்கள் இணைய அரட்டை அறைகளில் கூடித் தம் ஐயங்களைத் தீர்த்துக்கொள்வது வழக்கம். ஒருவர் நூறு வரி நிரலை அங்கே இட்டால், பிறருடைய உரையாடல் அதில் மறைந்துவிடும். எனவே, நிரலை வேறொரு பக்கத்தில் ஒட்டிவிட்டு, அதன் முகவரியை மட்டும் அறையில் பகிர்ந்தனர். இதற்காக 2002ஆம் ஆண்டில் பால் டிக்சன் உருவாக்கிய ‘பேஸ்ட்பின்’ தளத்தில் எழுத, உறுப்பினராகப் பதிய வேண்டியதில்லை. 2016இல் டெலிகிராம் நிறுவனம் தொடங்கிய ‘டெலிகிராஃப்’ தளமும் கணக்கு இல்லாமலே கட்டுரை வெளியிட இடமளித்தது.

ஒரு முகவரி, பல வாயில்கள்
மிக நீண்ட முகவரிகள் மின்னஞ்சலில் வரி பிளந்து பயனற்றுப் போயின. அவற்றைச் சுருக்கித் தரும் ‘டைனியுஆர்எல்’ சேவையைக் கெவின் கில்பர்ட்சன் 2002இல் தொடங்கினார். இன்ஸ்டகிராம் தன்விவரப் பகுதியில் நெடுங்காலம் ஓர் இணைப்புக்கே இடமிருந்தது. 2023இல்தான் அது ஐந்தாக உயர்ந்தது. ஆகவே, பாடகர், ஓவியர், எழுத்தாளர் எனப் பல படைப்பாளர்களும் தம் இணைப்புகளை ஒரே பக்கத்தில் தொகுத்து, அப்பக்கத்தின் முகவரியைப் பகிரலாயினர்.

திரையின் இருபுறம்
பெயர் மறைத்தல், உண்மை கூற அஞ்சுவோருக்குப் பாதுகாப்பாகிறது. திருடப்பட்ட கடவுச்சொற்களை வெளியிடுவோருக்கும் அதுவே மறைவிடமாகிறது. சுருக்கிய முகவரி, தான் சென்று சேரும் இடத்தைக் காட்டுவதில்லை. பொதுப்பட்டியலில் இடம்பெறாத பக்கத்தையும், முகவரி அறிந்த எவரும் படிக்க இயலும். எனவே, அலைபேசி எண், கடவுச்சொல் போன்றவற்றை அங்கு எழுதுதல் தகாது. இப்பக்கங்கள் நிலையானவையும் அல்ல. கூகுள் நிறுவனமே தன் முகவரிச் சுருக்கச் சேவையில் புதிய முகவரிகள் வழங்குவதை 2019இல் நிறுத்திவிட்டது.

பகிரும் முன்
‘பொதுத்தேர்வு தள்ளிவைப்பு’ என்னும் பெயரில்லாப் பக்கமொன்று வகுப்புக் குழுவில் வருவதாகக் கொள்வோம். அதை நம்பிப் படிப்பை நிறுத்தும் மாணவருக்கே இழப்பு நேரும். எழுதியவரைக் கேட்க வழியிராது. அரசுத் தேர்வுகள் இயக்ககத்தின் இணையதளத்தில் அச்செய்தி உள்ளதா என்று பார்த்த பின்னரே பகிர வேண்டும். எழுதியவர் பெயரை மறைக்கலாம். ஆனால், குழுவில் அதைப் பகிர்ந்தவர் பெயர் அனைவருக்கும் தெரியும்.

சிந்தனை வினா
எழுதியவர் யாரெனத் தெரியாத செய்தியின் உண்மையை நீவிர் எவ்வெவ்வழிகளில் ஆராய்வீர்?